கடைசி ரீலைப் பார்க்க 220 மைல்

டாலஸில் பட்டப்பகலில் இருட்டி, தெருவிளக்கு தானாக எரிந்து, ஊரே காகிதக் கண்ணாடி மாட்டிக்கொண்டு புல்வெளியில் அண்ணாந்து நின்ற வருஷம் அது. அதே வருஷம்தான் பக்கத்தில் கிராண்ட் பிரெய்ரி மைதானத்தில் அமெரிக்காக்காரன் பாகிஸ்தானைக் கிரிக்கெட்டில் தோற்கடித்தான். என் மகன் செந்தில் கையில் டிக்கெட் இருந்தும் ஆபீஸ் மீட்டிங்கில் மாட்டிக்கொண்டு ஒரு வாரம் புலம்பினான். எனக்கு எழுதப் படிக்கத் தெரியாது. நடந்ததை வைத்துத்தான் வருஷத்தைப் பிடித்துவைப்பேன். நான் சொல்லச் சொல்ல மருமகள் கவிதா கம்ப்யூட்டரில் டைப் அடிக்கிறாள். இந்த வலைப்பூ அவளுடையது. ஊரிலிருந்து வந்த பெரியவர்களை டெக்சாஸில் எங்கே கூட்டிக்கொண்டு போகலாம் என்று எழுதுவாள். இந்த முறை போனவன் நான், ஆகவே சொல்கிறவனும் நான்.

ஐப்பசியில் ஒரு செவ்வாய்க்கிழமை கலிபோர்னியா சான் ரமோனிலிருந்து கதிர்வேல் போன் பண்ணினான். என் ஊர்க்காரன், கோபிச்செட்டிபாளையம். என்னைவிட மூன்று வயது சின்னவன். இந்திய விமானப் படையில் இருபது வருஷம் மெக்கானிக்காக இருந்து ஓய்வு பெற்று, இப்போது மகள் மைதிலி வீட்டில் இருக்கிறான்.

"அண்ணா, திங்கக்கிழம நெஞ்சைத் தொறக்கறாங்க. வால்வு மாத்தறாங்களாமா. அதுக்குள்ள ஒன்னே ஒன்னு தெரியோணுங்ண்ணா."

"என்ன?"

"அந்தச் சின்னவன் கடைசில எறங்குனானுங்களா, இல்லீங்களா?"

எனக்கு யார் எந்தச் சின்னவன் என்று விளக்கம் தேவைப்படவில்லை. உங்களுக்குத் தேவைப்படும்.

சீனாக்காரன் சண்டை முடிந்த மறு வருஷம். நான் எங்கள் ஊர் டூரிங் டாக்கீஸில் மைக்குக்காரன். நோட்டீஸை ஒருவர் ஒரு தடவை வாசித்துக் காட்டினால் போதும், குதிரைவண்டியில் உட்கார்ந்து எட்டு கிராமத்துக்கு வரி பிசகாமல் சொல்லிக்கொண்டு போவேன். முதலாளி நல்லசாமி ஏதோ ஏலத்தில் எட்டுப் பெட்டி பிலிம் எடுத்துவந்தார். மேலே விமானப் படம் ஒட்டியிருந்தது, இங்கிலீஷ் படம் என்று நினைத்துவிட்டார். ஆபரேட்டர் தனபால் முதல் ரீலை ஓட்டிப் பார்த்தான். ஜெர்மன் படம். ஒரு வார்த்தை யாருக்கும் புரியவில்லை. விமானங்களின் வாலில் ஸ்வஸ்திக் குறி இருந்தது. முதலாளி கடையில் கணக்குப் புத்தகத்தில் போடுகிற அதே குறி. "சாமி குறி போட்ட படம்டா, ஓடும்" என்று தேங்காய் உடைத்துப் பெட்டிக்குச் சூடம் காட்டினார். குறி சாய்ந்திருப்பதைக்கூட யாரும் கவனிக்கவில்லை. "நீ மைக்குல கதையைச் சொல்லிப்போடு" என்று என்னை உட்காரவைத்தார்.

சொன்னேன். படத்தில் இரண்டு விமானிகள். அவர்களை அண்ணன் தம்பி ஆக்கினேன், பெரியவன், சின்னவன். கத்திக்கொண்டே இருந்த அதிகாரியைத் தாய்மாமன் ஆக்கினேன். ஏழாவது ரீல் முடிவில் பெரியவனின் விமானம் மேகத்துக்குள் காணாமல் போகும். சின்னவன் வரிசையை விட்டு விலகி அவனைத் தேடி உள்ளே பாய்வான். எட்டாவது பெட்டியைத் திறந்தால் உள்ளே மாட்டுக்கு ஊசி போடுகிற படம்! ஏலக்காரன் மாற்றிக் கட்டிவிட்டான். வேறு வழியில்லாமல், திரை வெறும் வெள்ளையாக நிற்க, நான் வாயாலேயே இன்ஜின் சத்தம் போட்டு இரண்டு பேரையும் தரையில் இறக்கினேன். பதினொரு நாள் இறக்கினேன். கைதட்டல் அடங்காது. பன்னிரண்டாம் நாள் ஈரோட்டிலிருந்து வந்த வாத்தியார் ஒருவர், "யோவ், இது இட்லர் ஆளுங்க, சண்டைக்குப் பசங்களைச் சேர்க்க எடுத்த விளம்பரப் படம்" என்றார். முதலாளி அன்றைக்கே எல்லாப் பெட்டியையும் பிலிமில் வெள்ளி எடுக்கிறவனுக்கு எடைக்குப் போட்டுவிட்டார்.

பதினொரு நாளும் வந்து உட்கார்ந்தவன் கதிர்வேல். அடுத்த வருஷமே விமானப் படையில் சேர ரயிலேறினான். அவன் அப்பா பழனியப்பன் என் சட்டையைப் பிடித்து, "உன் வாய்தான்டா எம்பையனக் கொண்டுபோச்சு" என்றார். சாகும்வரை என்னோடு பேசவில்லை. ஆக, அந்தக் கடைசி ரீலில் என்ன இருந்தது என்பது கதிர்வேலுக்கு மட்டும் வேண்டிய விஷயம் இல்லை.

செந்தில் இரண்டு நாள் இணையத்தில் தேடினான். நான் சொன்ன அடையாளம்: இரண்டாவது ரீலில் விமானி பூட்ஸைத் துடைத்துக்கொண்டே பாடுவான், நான்காவதில் ஒரு பெண் பெரிய குவளையில் பீர் கொண்டுவருவாள், படம் முழுக்க அவள் ஒருத்திதான் பெண். கண்டுபிடித்துவிட்டான். ஆனால் இணையத்தில் இருந்தது பதினாறு நிமிஷத் துண்டு. முழுப் படம், ஏபிலீன் ஊரைத் தாண்டி நாற்பது மைலில் ஒரு சின்ன விமான மியூசியத்தில் இருக்கிறதாம். இட்லர் சண்டை முடிந்து யாரோ அமெரிக்கச் சோல்ஜர் கொண்டுவந்த பிரதி. மாதத்தில் ஒரு சனிக்கிழமை, மதியம் ஒரு மணிக்கு, அதுவும் ஒரு பேராசிரியையின் விளக்கத்தோடு மட்டுமே போடுவார்கள். ஒரு மணிக்குக் கதவைச் சாத்தினால் சாத்தினதுதான். அந்த மாதச் சனிக்கிழமை, ஆபரேஷனுக்கு இரண்டு நாள் முன்னால் விழுந்தது.

எங்கள் வீடு இருக்கிற காப்பெல்லிலிருந்து 220 மைல். பெட்ரோல் கார் என்றால் மூன்றரை மணி நேரம். என் மகனிடம் இருப்பது எலக்ட்ரிக் கார்.

"டேய், கவிதா காரை எடுடா."

"அப்பா, அவளுக்கு சனிக்கிழமை பசங்களை டான்ஸ் கிளாஸ் டிராப் பண்ணணும். இதுல 270 மைல் ரேஞ்ச் இருக்கு. ரிலாக்ஸா இருங்க."

காலை 7.40க்குக் கிளம்பினோம். கிளம்பும்போதே சண்டை. வீல்சேரை டிக்கியில் வைத்தே தீருவேன் என்றான். எனக்குக் கால் நன்றாக இருக்கிறது, தினம் ஏரியைச் சுற்றி இரண்டு மைல் நடக்கிறேன். "ஏர்போர்ட்ல மட்டும் வீல்சேர் கேட்டீங்களே" என்றான். ஏர்போர்ட்டில் கேட்டது வரிசையில் நிற்காமல் போக. இந்த வித்தியாசம் இன்ஜினியர்களுக்குப் புரியாது.

ஃபோர்ட் வொர்த்தைத் தாண்டி இருபதாம் நம்பர் ஃப்ரீவேயில் மேற்கே திரும்பினால் அப்புறம் பார்க்க ஒன்றும் இல்லை. மஞ்சள் புல், கருப்பு மாடு, சுற்றுகிற காற்றாலை. அந்தக் காற்றாலைகளைச் சுழற்றுகிற காற்று அன்றைக்கு எங்கள் காரின் முகத்தில்தான் அடித்தது. 270 மைல் என்று சொன்ன கார், பாதி வழியிலேயே அறுபது மைல்தான் போவேன் என்றது.

ஏபிலீனுக்கு ஐம்பத்தைந்து மைல் முன்னால் ஒரு சார்ஜிங் இடத்தில் நிறுத்தினோம். மணி 9.45. நான்கு கம்பம். இரண்டு செத்துக் கிடந்தன. மீதி இரண்டில் ஏற்கெனவே கார்கள், பின்னால் இன்னொன்று காத்திருந்தது. எங்களுக்கு முன்னால் காத்திருந்தவர் தொப்பி போட்ட ஒரு வெள்ளைக்காரப் பெரியவர். செந்தில் அவரிடம் போய், அப்பாவுக்கு ஒரு மணிக்குள் போக வேண்டும் என்று கெஞ்சினான். அவர் என்ன என்று விசாரித்தார். சினிமாவுக்கு என்று இவன் சொன்னான்.

"சினிமாவா? எனக்குப் பேத்தி கல்யாணம்" என்றாராம் அவர்.

"ஏன்டா, ஆஸ்பத்திரி விஷயம்னு சொல்ல வேண்டியதுதானே?" என்று கேட்டேன்.

"பொய் சொல்ல முடியாதுப்பா."

"பொய்யா? நெஞ்சைத் தொறக்கறது பொய்யாடா?"

ஒரு மணி இருபது நிமிஷம் அங்கேயே போனது. சார்ஜுக்கு 17 டாலர் 40 சென்ட். அந்தப் பெரியவர் கிளம்பும்போது கண்ணாடியை இறக்கி எனக்குக் கைகாட்டினார். நான் பதிலுக்குக் காட்டவில்லை. இன்றைக்கு நினைத்தால் காட்டியிருக்கலாம், பேத்தி கல்யாணம்தானே.

12.37க்கு மியூசியம் வாசல். நல்லபடியாக வந்தாயிற்று என்று இறங்கினால், ஒரு ஃபாரத்தை நீட்டினார்கள். இந்தப் படம் வெறுப்பைப் பரப்ப எடுக்கப்பட்டது என்று தெரிந்துதான் பார்க்கிறேன், படம்பிடிக்க மாட்டேன் என்று நான்கு பக்கம். செந்தில் வாசிக்காமல் கையெழுத்துப் போடுகிற ஆளில்லை. நான்கு பக்கத்தையும் வாசித்தான். நான் ரேகை வைக்கிறேன் என்றேன், மை இல்லை என்றார்கள். கடைசியில் ஒரு கோடு இழுத்தேன், அதுவே போதுமாம். டிக்கெட் 12 டாலர், பெரியவர்களுக்கு 9. போனை வாங்கிப் பெட்டியில் பூட்டினார்கள். உள்ளே உட்கார்ந்தபோது மணி 12.58. மொத்தம் பதினான்கு பேர். குளிர் எப்படி என்றால், மீன் வைத்தால் ஒரு வாரம் கெடாது.

படம் போடுவார்கள் என்று பார்த்தால் பேராசிரியை எழுந்தார். ஐம்பது வயதிருக்கும், மெல்லிய குரல், கையில் காகிதம். நாற்பத்தைந்து நிமிஷம் பேசினார். செந்தில் என் காதில் சுருக்கிச் சொல்லிக்கொண்டே வந்தான். சண்டைக்கு முந்தி எடுத்தது. விமானப் படையே சொல்லி எடுக்கவைத்தது. ஜெர்மனியில் இன்றைக்கும் சும்மா போட அனுமதி கிடையாது. பையன்கள் மனசில் ஆசையை ஏற்ற எடுத்தது. இதை ஈரோட்டு வாத்தியார் ஒரு வரியில் சொன்னார்.

ஆனால் ஒன்று சொல்ல வேண்டும். "இந்தப் படத்தைப் பார்த்து எத்தனை பேர் சேர்ந்தார்கள் என்று யாருக்கும் தெரியாது" என்று அவர் சொன்னதாகச் செந்தில் சொன்னபோது நான் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தேன். ஒருவனை எனக்குத் தெரியும். சேர்ந்தது வேறு நாட்டுப் படையில்.

படம் ஆரம்பித்தது. ரீலுக்கு ரீல் எனக்கு எல்லாம் நினைவிருந்தது. நினைவில் இல்லாதது அவர்கள் பேசியது மட்டும். கீழே இங்கிலீஷில் எழுத்து ஓடியது, செந்தில் தமிழில் சொன்னான்.

"பெரியவன் இப்ப என்னடா சொல்றான்?"

"'கட்டளையை மீறுறவனுக்கு இங்க இடம் கிடையாது'ன்னு சொல்றான்ப்பா."

அந்த இடத்தில் நான் மைக்கில் சொன்னது: "தம்பி, சாப்பிட்டியாடா?"

"மாமன்?"

"யாரு மாமன்? கமாண்டரா? 'நீங்க ரெண்டு பேரும் யாருன்னு முக்கியமில்லை, படைதான் முக்கியம்'னு சொல்றார்."

அங்கே நான், "உங்கம்மா உங்களை எங்கிட்ட ஒப்படைச்சுட்டுப் போனாளேடா" என்று அழுதிருந்தேன். கொட்டகையில் பெண்கள் மூக்கைச் சிந்துவார்கள். முன்வரிசைப் பெண்மணி திரும்பி உதட்டில் விரலை வைத்தார். செந்தில் குரலைத் தாழ்த்தினான். அண்ணன் தம்பியும் இல்லை, ஒன்றும் இல்லை, ஒரே படைக் கொட்டடியில் படுக்கிறவர்கள், அவ்வளவுதான்.

ஏழாவது ரீல் வந்தது. ஒன்பது விமானம் மேலே ஏறின. எண்ணினேன்; அன்றைக்கும் எண்ணியிருக்கிறேன். பெரியவன் மேகத்துக்குள் போனான். சின்னவன் வரிசையை விட்டு விலகினான். மேகம் மூடியது. என் வாய் தானாகத் திறந்துகொண்டது. அறுபது வருஷத்துக்கு அப்புறம் எட்டாவது ரீல்.

பேண்டு வாத்தியம் முழங்கியது. வானம் நிறைய விமானம், மூன்று மூன்றாக, அழகாக, வரிசை கலையாமல். அப்புறம் கீழே அணிவகுப்பு. அப்புறம் கொடி. அப்புறம் மறுபடி வானம். முடிந்தது. விளக்கு எரிந்தது.

"எங்கடா சின்னவன்?"

"முடிஞ்சிருச்சுப்பா."

"முகத்தைக் காட்டலையேடா! இறங்கினானா செத்தானா?"

"தெரியலப்பா. நானும் பார்த்தேன்."

நான் எழுந்து நேரே அந்தப் பேராசிரியையிடம் போய்விட்டேன். செந்தில் பின்னால் ஓடிவந்து கேட்டுச் சொன்னான். அந்த அம்மா ஒன்பது வருஷமாக இந்தப் படத்தைப் போடுகிறாராம், ஒருவரும் இதைக் கேட்டதில்லையாம். அவருக்கும் தோன்றவில்லையாம். கோபித்துக்கொள்ளாமல், எல்லாரும் போனபிறகு அந்தக் கடைசி ரீலை மட்டும் மறுபடி போட்டார். இதற்காக அவருக்கு அந்த நாற்பத்தைந்து நிமிஷத்தையும் மன்னித்துவிட்டேன்.

இந்த முறை மூன்று பேரும் எண்ணினோம். அந்த அம்மா திரைக்குப் பக்கத்திலேயே போய் விரலை வைத்து எண்ணினார். இருபத்தேழு. இரண்டு தடவை எண்ணினோம், இருபத்தேழுதான். ஏதோ அணிவகுப்பு நாளில் எடுத்ததை வெட்டி ஒட்டியிருக்கிறான். ஒன்பது மேலே போனது, இருபத்தேழு திரும்பி வருகிறது. இதில் எவன் வந்தான், எவன் வரவில்லை என்று எப்படிக் கண்டுபிடிப்பது? படம் எடுத்தவனுக்கு அது அவசியமே இல்லை. வானம் நிறைந்திருந்தால் போதும் அவனுக்கு. இதற்கா நான் பதினொரு நாள் தொண்டை கிழியக் கத்தினேன்!

"அங்கே இரண்டு ஆட்கள் இருந்தார்கள் என்பதை நீங்கள் மட்டும்தான் நினைவு வைத்திருக்கிறீர்கள்" என்று அந்த அம்மா செந்திலிடம் சொல்லி, என்னிடம் சொல்லச் சொன்னார்.

பார்க்கிங்கில் காருக்குள் உட்கார்ந்து போன் போட்டோம். மணி 4.20. கலிபோர்னியாவில் இரண்டு மணி நேரம் பின்னால். மைதிலி எடுத்தாள்.

"அங்கிள், அப்பா மூணு நாளா இதையே பேசிட்டிருக்கார். பிபி வேற ஏறுது. ப்ளீஸ், இறங்கிட்டான்னு சொல்லிடுங்க. என்ன போகுது?"

அந்தப் பெண் கேட்டதில் தப்பில்லை. சொல்வதும் எனக்குக் கஷ்டமில்லை, பதினொரு நாள் சொன்னதுதானே. செந்திலும் தலையை ஆட்டி, சொல்லிடுங்க என்று சைகை காட்டினான். சார்ஜுக்குப் பொய் சொல்லமாட்டேன் என்ற அதே செந்தில்.

கதிர்வேல் போனை வாங்கினான்.

"சொல்லுங்ண்ணா. எறங்குனானா?"

"கதிரு, அவனுக அதைக் காட்டவே இல்லை. ஒம்பது போச்சு. கடைசில வேற எங்கியோ எடுத்த இருபத்தேழை ஓட்டி முடிச்சுட்டானுக. சின்னவனும் இல்லை, பெரியவனும் இல்லை."

மைதிலி பின்னாலிருந்து "அப்பா?" என்றாள்.

"அவனுக எண்ணலீங்களா?" என்றான் கதிர்வேல். "போனது எத்தனை வந்தது எத்தனைன்னு எண்ணவே இல்லீங்களா?"

"இல்லடா."

"அட கிறுக்குப் பசங்களா!" போனே அதிர்ந்தது. "நான் ரெண்டு சண்டையில ரன்வே ஓரத்துல நின்னவனுங்ண்ணா. நாலு போனா நாலு வர்ற வரைக்கும் ஒருத்தன் டீ குடிக்கமாட்டான். மூணு வந்தா, எண்ணெய் தீர்ற நேரம் தாண்டியும் நிப்போம். மேல போனவனை எண்ணாம எவனாச்சும் கொட்டாயைச் சாத்துவானா?"

நான் கேட்க நினைத்துவந்ததைக் கேட்டேன். "உங்கப்பன் சொன்னது மெய்தானாடா? என்னாலதான் போனியா?"

"ஆமாங்ண்ணா. உங்களாலதான்." யோசிக்கவேயில்லை அவன். "வெள்ளைத் துணியில ஒன்னுமே இல்லாதப்ப நீங்க மட்டும் அவனை எறக்கறதுக்கு அந்தப் பாடு பட்டீங்களே. எனக்கு ஓட்டற ஆசை வரலைங்க. கீழ நின்னு எறக்கற ஆசைதான் வந்துச்சு. அதனாலதான் மெக்கானிக்கு." அப்புறம் மகளிடம், "பிபி எவ்வளவுன்னு இப்பப் பாரு கண்ணு" என்றான்.

திரும்பும்போது காற்று முதுகில் அடித்தது. ஏபிலீனில் மறுபடி முக்கால் மணி நேரம் சார்ஜ், 21 டாலர். கவிதா கட்டிக்கொடுத்த இட்லிப் பொட்டலத்தை அங்கேதான் பிரித்தோம். ஃபோர்ட் வொர்த் வந்ததும் செந்தில், "கொட்டகையில எப்படிப்பா இறக்குனீங்க, அந்த சத்தம் போடுங்க" என்றான். பல் கட்டியபிறகு அந்தச் சத்தம் வருவதில்லை என்றேன்.

போக நினைக்கிறவர்களுக்குச் சில விஷயங்கள். மாதத்தில் எந்தச் சனிக்கிழமை என்று முதலிலேயே போன் பண்ணிக் கேளுங்கள். பெட்ரோல் காரில் போங்கள், அல்லது காலை ஆறு மணிக்குக் கிளம்புங்கள். கம்பளி கட்டாயம். ஃபாரத்தை வீட்டிலேயே அச்செடுத்து வாசித்து முடித்துக்கொண்டு போகலாமாம், இதை எங்களுக்குத் திரும்பி வரும்போதுதான் சொன்னார்கள். விமான வாலில் இருக்கிற குறியைப் பார்த்துச் சாமி குறியா என்று சின்னப் பிள்ளைகள் கேட்டால், இல்லை என்று உடனே சொல்லிவிடுங்கள்; எங்கள் முதலாளி மாதிரி சூடம் காட்டிவிட்டு அப்புறம் தெரிந்துகொள்ளாதீர்கள். பேச்சு நீளம்தான், பொறுத்துக்கொண்டு கேளுங்கள். படம் முடிந்ததும் எழுந்து போகாமல், அந்த அம்மாவிடம் எண்ணிக்கையைப் பற்றிக் கேளுங்கள். இப்போது அதையும் தன் பேச்சில் சேர்த்திருக்கிறார் என்று செந்திலுக்குக் கடிதம் போட்டிருக்கிறார். அந்தப் பேச்சு இன்னும் ஐந்து நிமிஷம் நீண்டிருக்கும், அதற்குக் காரணம் நான்தான், மன்னிக்கவும்.

திங்கட்கிழமை ஆபரேஷன் ஆறு மணி நேரம் நடந்தது. நான் அன்று காப்பெல்லில் டீ குடிக்கவில்லை. கலிபோர்னியா நேரம் மூன்றே காலுக்கு மைதிலி போன் வந்தது.

அந்தப் படத்தைப் பதினொரு நாளும் விடாமல் பார்த்தவர்கள் என்னைத் தவிர ஐந்து பேர். முதலாளி நல்லசாமி, எம்ஜிஆர் முதலமைச்சர் ஆன வருஷம் போனார். ஆபரேட்டர் தனபால், இந்திரா காந்தியைச் சுட்ட வருஷம். டிக்கெட் கிழித்த மாரியப்பன், சுனாமி வந்ததற்கு மறு மாதம். முறுக்கு விற்ற சரசு, கொரோனாவில். ஐந்தாவது ஆள், சான் ரமோனில், நெஞ்சில் தையலோடு, தினம் காலையில் மகளைப் பிடித்துக்கொண்டு தெருமுனை வரை நடந்து திரும்புகிற பழனியப்பன் மகன் கதிர்வேல்.